எரியா, ஏரியா? கற்பனை உலகுக்கு ஓர் ஒலிமந்திரச் சுவடி எழுதும் வழி

மிகுபுனைவு (ஃபேன்டசி) எழுத வரும் பிள்ளைகள் என்னிடம் காட்டும் முதல் அத்தியாயத்தில் பெரும்பாலும் ஒரு பழைய நூல் இருக்கும். குகைக்குள் கிடக்கும், தூசி படிந்திருக்கும், கதாநாயகன் திறந்ததும் வெளிச்சம் அடிக்கும். உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டால், "மந்திரம், அண்ணே" என்பார்கள். சரி, என்ன மந்திரம்? "அது வந்து... ஹ்ரீம், க்லீம் மாதிரி ஏதோ."

அந்த 'ஏதோ'வை எழுதுவது எப்படி என்பதுதான் இந்தக் கட்டுரை. அதிலும், ஒலியால் வேலை செய்யும் மந்திரங்கள் அடங்கிய ஒரு பழஞ்சுவடி. முழு நூலும் எழுத வேண்டியதில்லை. இரண்டடிச் செய்யுள் ஒன்று, அதற்கு ஒன்றோடொன்று முட்டிக்கொள்ளும் இரண்டு உரைகள், காணாமல் போன ஓர் ஏடு, இவ்வளவு இருந்தால் கதை ஓடும். மூன்று வார இறுதிகளில் முடிக்கலாம். ஒரு நோட்டுப் புத்தகமும், கூச்சமில்லாமல் உரக்க வாசிக்கும் ஒரு கூட்டாளியும் வேண்டும்.

நாகர்கோவிலில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் ஞாயிற்றுக்கிழமை தோறும் நாலைந்து பேர் கூடிக் கதையாட்டம் ஆடுவோம். ஆளுக்கு ஒரு பாத்திரம், நடுவில் கதை நடத்த ஒருவர், ஒரு பகடை. அதற்காக நான் செய்த உலகத்தின் பெயர் வெண்கழி. அங்கே உள்ள பழைய நூலின் பெயர் மிடற்றேடு. மிடறு என்றால் தொண்டை. முதல் தடவை நான் மிடற்றேட்டுக்கு நானூறு மந்திரங்கள் எழுதினேன். ஒரு மாதம் போனது. ஆட்டத்தில் ஒருவருக்கும் ஒன்றுகூட நினைவில் நிற்கவில்லை. எல்லாவற்றையும் கிழித்துப் போட்டுவிட்டு இரண்டே இரண்டு அடி எழுதினேன். அந்த இரண்டடியை வைத்து எட்டு மாதமாக ஆடிக்கொண்டிருக்கிறோம். கீழே சொல்லும் வழியெல்லாம் அந்தக் கிழித்த கட்டிலிருந்து கற்றதுதான்.

முதல் வாரம்: எழுதாதீர்கள், கேளுங்கள்

ஒலியைப் பற்றி எழுதப் போகிறவர் ஒரு நாளாவது காதை மட்டும் நம்பிச் சுற்ற வேண்டும். கன்னியாகுமரி மாவட்டம் சின்னது. பேருந்திலேயே ஒரே நாளில் கோயில், கணவாய், கடல் மூன்றையும் கேட்டுவிடலாம். வேறு ஊர்க்காரர்கள் தங்கள் ஊரில் இதற்கு ஒத்த இடங்களைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

சுசீந்திரம் தாணுமாலயன் கோயிலின் இசைத்தூண்களில் தொடங்கலாம். ஒவ்வொரு பெருந்தூணும் ஒரே கல்லில் செதுக்கிய சிறுதூண்களின் கொத்து. வடபுறத் தூண்களில் 24 சிறுதூண்கள், தென்புறத்தில் 33. தட்டிப் பார்க்க விரல் துடிக்கும். தட்டாதீர்கள், அது கல்லுக்குக் கேடு. சும்மா நின்று பாருங்கள். நீண்டு மெலிந்த கல் தாழ்ந்த சுருதியில் ஒலிக்கும், குட்டையாகத் தடித்தது உயர்ந்த சுருதியில் ஒலிக்கும். அப்படியானால், கண்ணால் பார்த்தே எது எப்படி ஒலிக்கும் என்று ஓரளவு ஊகிக்கலாம். செவிடரான ஒரு சிற்பி உங்கள் கதையில் வந்தால் அவருக்கு இது உதவும்.

ஆடி மாதமாக இருந்தால் அடுத்து ஆரல்வாய்மொழி. பெயரிலேயே வாய்மொழி இருக்கும் ஊர்! மலைகளுக்கு நடுவிலான கணவாயில் தென்மேற்குக் காற்று நெருக்கியடித்துக்கொண்டு வருவதால்தான் முப்பந்தல் பக்கம் அவ்வளவு காற்றாலைகள். கூட்டாளியை நன்றாகத் தள்ளி நிறுத்தி, காற்றோடு ஒரு முறையும் காற்றுக்கு எதிரே ஒரு முறையும் அவர் பெயரைக் கூப்பிடுங்கள். எதிர்க்காற்றில் குரல் போய்ச் சேராது. காற்று குரலைத் தின்றுவிட்டது என்று தோன்றும். உண்மையில் தரையருகே காற்று மெதுவாகவும் மேலே வேகமாகவும் வீசுவதால், எதிர்க்காற்றில் போகும் ஒலி மேல்நோக்கி வளைந்து கேட்பவரின் தலைக்கு மேலே போய்விடுகிறது. மரத்தின் மேல் ஏறி உட்கார்ந்த ஒற்றனுக்குக் கேட்டிருக்கலாம். நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள்.

மாலையில் முட்டம் பாறைகள். அங்கே என் நோட்டில் எழுதிய ஒரு வரியை அப்படியே தருகிறேன்: "பாறை இடுக்கு அலையை 'ம்க்' என்று முழுங்கியது. நாலு எண்ணும் வரை ஒன்றுமில்லை. அப்புறம் 'ஸ்ஸா' என்று துப்பியது." அலைச்சத்தம் என்று எழுதியிருந்தால் எனக்கு அந்த நாலு எண்ணிக்கை கிடைத்திருக்காது. சலசல, மடமட எல்லாம் நல்ல சொற்கள்தாம், ஆனால் கை பட்டுப் பட்டு மழுங்கியவை. உங்கள் காதில் விழுந்ததை உங்கள் எழுத்தால் பிடியுங்கள்.

இரவில் வீட்டிலிருந்தே கேட்கலாம். கடலிலிருந்து சில கிலோமீட்டர் உள்ளே இருக்கும் ஊர்களிலும் சில ராத்திரிகளில் கடல் இரைவது கேட்கும். பகலில் கேட்காது. இரவில் தரை குளிர்ந்து, தரையை ஒட்டிய காற்றும் குளிர்ந்துவிடுவதால் ஒலி கீழ்நோக்கி வளைந்து தூரமாகப் பரவுகிறது. மந்திரவாதிகள் ஏன் நடுராத்திரியைத் தேர்ந்தெடுக்கிறார்கள் என்பதற்கு உங்கள் உலகத்தில் இப்போது ஒரு நல்ல காரணம் கிடைத்துவிட்டது.

ஒலி இல்லாவிட்டால் யாருக்கு நட்டம்?

இந்தக் கேள்விக்கு ஒரே வரியில் பதில் எழுதுங்கள். பதில் வராவிட்டால் உங்கள் உலகத்துக்கு ஒலிமந்திரம் தேவையில்லை, நெருப்போ நிழலோ போதும்.

வெண்கழியில் ஆண்டுக்கு ஆறு மாதம் பனிமூட்டம் விலகாது. உப்பங்கழிகளுக்கு நடுவே ஓடம் விடுகிறவர்களுக்குத் தம் கையே தெரியாது. ஒவ்வொரு துறைக்கும் ஒரு கூவல் உண்டு. கூவலை வைத்துத்தான் கரை சேர வேண்டும். அந்தக் கூவல்களை யாரோ ஓடக்காரர் தொகுத்து வைத்ததுதான் மிடற்றேடு. அதை மந்திரம் ஆக்கியதெல்லாம் பின்னால் வந்தவர்கள். பழைய நூலுக்கு இப்படி ஒரு தொழில் வேர் கொடுத்துவிட்டால், எதை அதில் எழுதுவது என்ற குழப்பம் பாதி தீர்ந்துவிடும். துறை, நீர், காற்று, விளக்கு, கயிறு: சொற்கள் தாமாக வரும்.

மந்திரத்துக்கும் கணக்கு உண்டு

இங்கேதான் கொஞ்சம் உட்கார வேண்டும். புதிதாக எழுதுகிறவர்கள் ஒலிமந்திரத்தை வில்லில்லாத அம்பு மாதிரி பயன்படுத்துகிறார்கள். சொன்னான், எதிரி விழுந்தான். ஒலி அப்படிப்பட்டதில்லை. அதற்கு நேரம் பிடிக்கும், தூரம் போகப் போக மெலியும், சுவரில் முட்டித் திரும்பும். இந்தக் குறைகள்தாம் உங்கள் கதையின் சொத்து.

காற்றில் ஒலி நொடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் போகும். மூன்று நொடிக்கு ஒரு கிலோமீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். மின்னலைப் பார்த்ததும் இடிக்காக எண்ணும் பழைய கணக்குதான். ஒரு கிலோமீட்டர் தள்ளிக் குன்றின் மேல் நின்று மந்திரம் சொல்பவரின் வாய் அசைவதைக் கீழே இருப்பவர் தொலைநோக்கியில் பார்த்துவிட்டால், காதில் மெழுகு அடைக்க அவருக்கு மூன்று நொடி கிடைக்கும். ஒரு சண்டைக் காட்சிக்கு மூன்று நொடி தாராளம்.

தண்ணீருக்குள் ஒலியின் வேகம் நொடிக்கு 1,500 மீட்டரை ஒட்டி இருக்கும், காற்றைப்போல நாலு மடங்குக்கும் மேல். துடுப்பின் ஒரு முனையை நீருக்குள் விட்டு மறுமுனையைக் காதில் வைத்து மீன் கூட்டத்தின் ஓசையைக் கேட்கும் மீனவர் வழக்கம் பல கடற்கரைகளில் உண்டு. வெண்கழியில் காவல் ஓடம் ஒவ்வொன்றிலும் இப்படி ஒருவர் துடுப்பைக் காதில் சாய்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். படையெடுப்பு வருவது அவருக்குத்தான் முதலில் தெரியும்.

வெட்டவெளியில் தூரம் இரட்டிப்பானால் ஒலியின் செறிவு கால்பங்காகக் குறையும். எதிரொலி தனியாகக் காதில் விழ வேண்டுமானால் பாறையோ சுவரோ குறைந்தது 17 மீட்டராவது தள்ளி இருக்க வேண்டும், அதற்குக் கிட்டே இருந்தால் சொன்னதும் திரும்பியதும் ஒன்றாகக் கலந்துவிடும். எனவே எதிரொலியால் பலிக்கும் மந்திரத்தைச் சிறைக்கூடத்துக்குள் சொல்ல முடியாது. உங்கள் மந்திரவாதியைப் பிடித்து வைக்க மாயச்சங்கிலி வேண்டாம், சின்ன அறை போதும்.

இன்னொன்று ஒத்ததிர்வு. வீட்டில் காலிக் குடம் ஒன்றை எடுத்து, அதன் வாயருகே முகத்தை வைத்து 'ம்ம்ம்' என்று தாழ்விலிருந்து உயரத்துக்குக் குரலை மெல்ல ஏற்றுங்கள். ஒரு குறிப்பிட்ட சுருதியில் குடம் திடீரென்று உங்களோடு சேர்ந்து முழங்கும். ஒவ்வொரு பொருளுக்கும் அதற்கென்று ஒரு சுருதி. மூடிய கதவுக்கும் ஒன்று இருக்கும் என்று வைத்துக்கொண்டால், கதவு திறக்கும் மந்திரம் என்பது கதவின் சுருதியைத் தேடிப் பிடிப்பதாக ஆகிவிடுகிறது. அறியாத கதவுக்கு மந்திரம் கிடையாது. இதை எங்கள் ஆட்டத்தில் அறிமுகம் செய்த அன்று ஒரு தம்பி, கதை முடியும்வரை கதவுகளைத் தட்டிக்கொண்டே திரிந்தான். தொந்தரவுதான், ஆனால் நல்ல தொந்தரவு.

எழுத்துக்கு உடம்பு கொடுங்கள்

இப்போது எழுத்துகளுக்கு வருவோம். வெளியூர்ச் சரக்கைத் தேடி ஓட வேண்டாம். ஒலி எங்கே பிறக்கிறது, எவ்வளவு நேரம் நிற்கிறது என்பதைத் தமிழ் இலக்கணம் வெகு காலத்துக்கு முன்பே உடம்போடு சேர்த்துச் சொல்லி வைத்திருக்கிறது. தொல்காப்பியத்தின் பிறப்பியலில், உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு, பல், இதழ், நாக்கு, மூக்கு, அண்ணம் ஆகிய எட்டு இடங்களோடு பொருந்தி எழுத்தாகிறது. பள்ளியில் மனப்பாடம் செய்து மறந்திருப்பீர்கள். மிகுபுனைவு எழுதுகிறவர் கண்ணில் மறுபடி பாருங்கள்: எட்டு இடம், எட்டு வகை ஆற்றல், எட்டு வகை விலை.

விலை என்று சொன்னேன். மந்திரம் சும்மா பலிக்கக் கூடாது. மிடற்றேட்டில், மூக்கொலிகளை நீட்டி ஓதுகிறவர்களுக்கு நாளடைவில் வாசம் தெரியாமல் போகும். பல்லில் பிறக்கும் ஒலிக்காரர்களுக்கு முப்பது வயதில் பல் ஆடும். வெண்கழியில் ஒருவர் சிரித்தால் அவர் எந்த வகை மந்திரவாதி என்று சொல்லிவிடலாம்.

அளவுக்கு மாத்திரை இருக்கிறது. கண் இமைக்கும் நேரம், அல்லது விரல் நொடிக்கும் நேரம். குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. ஒரு கண்ணிமைப்பு கூடிவிட்டால் சொல் வேறாகிவிடும். இந்தக் கட்டுரை முழுவதும் இந்த ஓர் இமைப்பின் மேல்தான் நிற்கிறது.

அதே பிறப்பியலின் முடிவில் எனக்கு மிகவும் பிடித்த ஓர் இடம் உண்டு. உள்ளே எழும் காற்றொலியின் அளவெல்லாம் அந்தணர் மறையில் உள்ளது, அதை இங்கே சொல்லவில்லை, வெளியே வந்து ஒலிப்பதன் அளவை மட்டுமே சொன்னேன் என்கிறார் ஆசிரியர். நூலுக்குள்ளேயே, எதைச் சொல்லாமல் விட்டேன் என்று சொல்லிவிட்டுப் போவது! உங்கள் பழஞ்சுவடியிலும் எங்கேயாவது ஓரிடத்தில் ஆசிரியர் இப்படி ஒரு கதவைக் காட்டி, சாத்திவிட்டுப் போகட்டும். படிப்பவர் தூங்க மாட்டார்.

இரண்டடி எழுதி, புள்ளியைப் பிடுங்குங்கள்

நாற்சீர் அடி இரண்டு போதும். மோனை இருக்கட்டும், வாயில் ஒட்டும். நான் எழுதியது இது:

குரலொடு குரலுற மும்முறை கூவின்
எரியெழுங் கரையில் இருள்விடுங் கழியே.

குரலோடு குரல் சேர மூன்று முறை கூவினால், கரையில் தீ எழும், கழியை விட்டு இருள் நீங்கும். பனிமூட்டத்தில் தவிக்கும் ஓடத்துக்குக் கரைவிளக்கு ஏற்ற வைக்கும் கூவல். சாதுவான மந்திரம். இதில் என்ன கதை இருக்கிறது என்று எனக்கே சலிப்பாக இருந்தது.

ஆட்டத்தில் கையில் கொடுக்க நிசமான ஓலை ஒன்று வேண்டும் என்று ஆசைப்பட்டுப் பனையோலை வாங்கி வந்தேன். முதல் ஓலை முற்றியது, வளைத்ததும் வெடித்தது. இளசாகப் பார்த்து எடுத்து, வெந்நீரில் போட்டு வேகவைத்து, நிழலில் உலர்த்தி, வழுவழுப்பான கல்லால் தேய்த்தபின் கைக்கு வந்தது. எழுத்தாணி இல்லாததால் கோணி ஊசி. ஓலையில் எழுத்து கீறல்தான். விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துப் பூசித் துடைத்தால் கீறலுக்குள் கரி தங்கி எழுத்து மேலே வரும். அந்த ஒரு நிமிடத்துக்காகவே நீங்களும் செய்து பார்க்க வேண்டும்.

'மும்முறை' என்பதில் மகர மெய்க்குப் புள்ளி குத்தினேன். ஓலையில் ஓட்டை விழுந்தது. பழைய சுவடிகளில் புள்ளி வைப்பது அரிது என்று படித்திருக்கிறேன், ஓலை கிழியும் என்பதுதான் அதற்கு வழக்கமாகச் சொல்லும் காரணம். சரி, நாமும் அப்படியே எழுதுவோம் என்று, சொல் பிரிக்காமல், புள்ளி இல்லாமல் எழுதினேன். இன்னொரு விஷயம், அந்தக் காலத்தில் எகர ஏகாரத்துக்கும் ஒகர ஓகாரத்துக்கும் வேறுபாடு புள்ளிதான். புள்ளி போனால் குறிலும் நெடிலும் ஒன்றே. இன்று நாம் எழுதும் ஏ, ஓ வடிவங்கள் 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த சீர்திருத்தம் என்பார்கள். ஆக, என் ஓலையில் விழுந்தது இப்படி:

குரலொடுகுரலுறமுமமுறைகூவினெரியெழுஙகரையிலிருளவிடுஙகழியெ

அடுப்படியிலிருந்து வந்த அக்கா மகள், எட்டாம் வகுப்பு, இதை வாங்கி எழுத்துக்கூட்டி வாசித்தாள். பாதியில் நிறுத்தி, "மாமா, இது எரியா, ஏரியா?" என்றாள்.

எனக்குச் சட்டென்று ஒன்றும் ஓடவில்லை. தீயா, ஏரியா? ஓலையைப் பார்த்தால் இரண்டும் சரி. அவளே மேலே போய், "இருள விடும்னா இருட்டாக்கும்னுதானே?" என்றாள். இருள்விடும் என்றால் இருட்டு விலகும். இருள விடும் என்றால் இருட்டிப் போக விட்டுவிடும். ஒரு புள்ளி போனதும் செய்யுள் தலைகீழாகத் திரும்பிக்கொண்டது. கரையில் ஏரி எழும், கழி இருண்டு போகும். கரைவிளக்கு ஏற்றும் கூவல், ஊரை மூழ்கடிக்கும் கூவலாகிவிட்டது. சத்தியமாக இதை நான் திட்டமிடவில்லை.

எனவே உங்களுக்கான வேலை: இரண்டடி எழுதியதும் புள்ளிகளை எல்லாம் எடுங்கள், ஏகார ஓகாரங்களைக் குறிலாக்குங்கள், இடைவெளியை நீக்குங்கள். ஒரு நாள் கழித்து, அதைப் பார்த்திராத ஒருவரிடம் வாசிக்கக் கொடுங்கள். அவர் எங்கே தடுக்குகிறாரோ அங்கேதான் உங்கள் கதை இருக்கிறது. தடுக்கவே இல்லையென்றால் இரண்டொரு சொல்லை மாற்றிப் பாருங்கள். கொடு–கோடு, கொல்–கோல், செறு–சேறு, பெறு–பேறு போன்ற இணைகள் நிறையவே இருக்கின்றன.

ஒலியைப் பற்றிய நூலாலேயே ஒலியைப் பிடித்து வைக்க முடியவில்லை. ஓலையில் இருப்பது கீறல் மட்டும். குறிலா நெடிலா என்பது, சொல்லக் கேட்டவர் காதில்தான் இருக்கிறது. கேட்டவர் செத்துப் போனால்? வெண்கழியில் அதுதான் சண்டையே.

உரைகாரர்கள் சண்டை போடட்டும்

மூலத்தை விட உரை எழுதுவது சுகம். இரண்டு பேர் போதும், இருவருக்கும் வேறு வேறு ஆதாயம் இருக்க வேண்டும். என்னுடையவர்கள் கிழக்குத்துறையார், மேட்டுக்குடியார்.

கிழக்குத்துறையார்: "எரி என்றது கரைவிளக்கை. கூவல் கேட்ட காவலர் தீ மூட்ட ஓடம் கரையறியும் என்றவாறு. ஏரி எனப் பாடம் ஓதுவாரும் உளர். அசை மிகுதலின் அது பொருந்தாது என்க."

மேட்டுக்குடியார்: "ஏரி என்பதே பாடம். மந்திரத்துக்கு அசைக் கணக்கு பார்ப்பது கடலுக்கு வரப்பு கட்டுவது போலும். எம் ஆசிரியர் வாய் கேட்டு எம் செவி கொண்டது இது."

யாப்பு தெரிந்தவர்கள் கவனித்திருப்பார்கள், கிழக்குத்துறையார் சொல்வதில் நியாயம் இருக்கிறது. எரியெழுங் என்பது நிரை நிரை, கருவிளம். ஏரியெழுங் என்றால் மூவசையாகி கூவிளங்காய். இருளவிடுங் என்றாலும் மூவசைதான், கருவிளங்காய். ஆசிரியப்பாவுக்கு உரியவை ஈரசைச் சீர்கள். புத்திசாலி வாசகர் ஒருவருக்காவது இப்படி ஒரு திறவுகோலை ஒளித்து வைப்பது மரியாதை. ஆனால் மேட்டுக்குடியாரை முட்டாளாக்கிவிடாதீர்கள். அவர் கேட்டிருக்கிறார், எதிராளி கணக்குப் பார்த்திருக்கிறார். எது சரி என்று நூலாசிரியராகிய நீங்களும் முடிவு செய்யாமல் இருப்பது நல்லது.

போன ஏடும், சொல்லாத பாடமும்

செல்லரித்தது, தீப்பிடித்தது, ஆடிப்பெருக்கன்று ஆற்றில் விட்டது என்று ஓலை போவதற்கு ஆயிரம் வழி. இதில் அதிகம் மெனக்கெட வேண்டாம். ஓர் ஏடு போதும், ஆனால் அது போனது எப்படி என்று ஒருவருக்காவது தெரிந்திருக்கட்டும்.

அதைவிட எனக்குச் சுவையாகப் படுவது, எழுதாமலே விட்ட பாடம். நம் மாவட்டத்தில், உடம்பின் உயிர்நிலைப் புள்ளிகளைக் கையாளும் வர்ம ஆசான்கள் உண்டு. வர்மம் 108 என்பார்கள், படுவர்மம் 12, தொடுவர்மம் 96. ஏட்டில் இருப்பது குறிப்புதான், இடமும் அளவும் ஆசான் கைபிடித்துக் காட்டினால்தான் விளங்கும். அடிபட்டவரை மீட்க இளக்குமுறை, அடங்கல் என்று தனிப் பாடங்களும் உண்டு. இந்த அமைப்பை அப்படியே கடன் வாங்குங்கள். உங்கள் நூலின் ஒவ்வொரு மந்திரத்துக்கும் ஓர் இளக்கு இருக்கட்டும், அது நூலில் இல்லாமல் ஆசிரியரின் தொண்டையில் இருக்கட்டும். ஓலையைத் திருடியவனுக்கு ஏரியை எழுப்பத் தெரியும், இறக்கத் தெரியாது.

தவிர்க்க வேண்டியதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். இன்றும் மக்கள் வழிபாட்டில் ஓதும் நூல்களின் வரிகளைத் தூக்கி மந்திரமாக்காதீர்கள். அய்யாவழியினரின் சாமித்தோப்பில் ஏடு வாசிப்பு 17 நாள் நடக்கும், தக்கலையில் சூஃபி ஞானி பீர்முகமது அப்பாவின் பாடல்களை ஆண்டுக்கொரு முறை ராத்திரி முழுக்கப் பாடுவார்கள். போய்க் கேளுங்கள். ஒரு நூல் குரலில் எப்படி உயிரோடு இருக்கிறது என்று தெரியும். அங்கிருந்து கற்றுக்கொள்ளலாம், வரியை எடுக்கக் கூடாது. முதலில் சொன்ன ஹ்ரீம் க்லீம் வேண்டாம் என்பதற்குக் காரணம் இதுவும்தான்.

கடைசியில் அரங்கேற்றம்

எழுதி முடித்ததும் கணினியில் பூட்டி வைக்காமல் நாலு பேர் முன்னால் வாசியுங்கள். தொல்காப்பியமே அதங்கோட்டாசான் கேட்க அரங்கேறியதாகப் பாயிரம் சொல்கிறது. அந்த அதங்கோடு நம் மாவட்டத்தின் மேற்கே இருக்கும் அதே ஊர்தான் என்பது இந்தப் பக்கத்து நம்பிக்கை. எழுதியவருக்கு ஒரு ஊர் இருக்கிறதோ இல்லையோ, கேட்டவருக்கு ஊர் இருக்கிறது!

எப்படிக் கேட்க வைப்பது என்பதற்கு வில்லுப்பாட்டைப் பாருங்கள். கோயில் கொடைகளில் கேட்டிருப்பீர்கள். புலவர் வீசுகோலால் வில் நாணைத் தட்டி ஒரு வரி சொன்னதும் பக்கப்பாட்டுக்காரர் "ஆமா" போடுவார். குடத்தின் வாயில் கமுகம்பாளை மட்டையால் ஓர் அடி விழும், அது காதுக்கு வருமுன் வயிற்றுக்கு வந்துவிடும். ஆமா இல்லாமல் கதை அடுத்த அடிக்குப் போகாது. இதைத்தான் 'குரலொடு குரலுற' என்று வைத்தேன். மிடற்றேட்டின் மந்திரம் எதுவும் தனியாள் சொன்னால் பலிக்காது, ஒருவர் ஆமா போட வேண்டும். ஆட்டத்தில் இந்த விதியின் பலன் உடனே தெரிந்தது. மந்திரம் சொல்கிறவர் எல்லோர் முகத்தையும் பார்த்துக் கெஞ்ச வேண்டியிருந்தது.

அரங்கேற்றத்தன்று ஓலையை அக்கா மகள் கையில் கொடுத்தோம். அவளுடைய பாத்திரம், ஆசிரியரை இழந்த ஓர் ஓடக்காரச் சிறுமி. பனிமூட்டத்தில் கிழக்குத்துறையைக் காணோம், பின்னால் எதிரிகளின் துடுப்புச் சத்தம். கரையில் விளக்கு எரிய வேண்டும். யாப்பு தெரிந்த அண்ணன் ஒருவர் மேசைக்கு எதிரே உட்கார்ந்து, அசை எண்ணிப் பார் என்று கண்ணாலேயே சாடை காட்டினார். அவள் பார்க்கவில்லை. ஓலையை விளக்கருகே சாய்த்து, மூச்சை இழுத்து, மூன்று முறையும் 'ஏரி' என்று நீட்டி வாசித்தாள். பழக்க தோஷத்தில் நாங்கள் நாலு பேரும் "ஆமா" என்றோம்.

கிழக்குத்துறை இன்றுவரை தண்ணீருக்குள்தான் கிடக்கிறது. இளக்கு தெரிந்த ஆளைத் தேடி அடுத்த ஞாயிறும் ஓடம் விட வேண்டும்.